முடிக்க விடாத வெட்டு

சோதனை முயற்சிக் குறும்படங்களுக்குப் படத்தொகுப்பு செய்வது என் வேலை. அதில் பெரும்பகுதி இன்றைய வாழ்க்கையின் நெருக்கடியைப் பற்றிய படங்கள்தான். கூட்டம், வாகன நெரிசல், ஒளிரும் திரைகள், கடிகாரம் என்று காட்சிகள் வந்து சேரும். கூடவே இயக்குநரிடமிருந்து ஒரு கோரிக்கையும் வரும்: "வேகமா வெட்டுங்க."

வேகத்தை மட்டும் நம்புவதில் எனக்கு உடன்பாடில்லை. நொடிக்கு 24 ஃப்ரேம், அதாவது 24 தனிப்படங்கள், ஓடும் படத்தில் 4 ஃப்ரேம் ஷாட் என்பது நொடியில் ஆறில் ஒரு பங்கு. அப்படியே அடுக்கிக்கொண்டு போனால் முதலில் கண் அதிரும், அப்புறம் பழகிவிடும். பார்ப்பவர் சாய்ந்து உட்கார்ந்து ரசிக்கத் தொடங்கிவிடுவார்.

நம்மை உண்மையில் வதைப்பது எதையும் முழுதாக முடிக்க முடியாமல் போவதுதான். எழுதிக்கொண்டிருக்கும்போதே அழைப்பு வருகிறது, பேசி முடிப்பதற்குள் இன்னொருவர் கூப்பிடுகிறார். அதனால் ஷாட்டை நாலைந்து நொடி தாராளமாக ஓட விட்டு, செயல் முடியும் தறுவாயில் வெட்டுவேன். டம்ளர் உதட்டில் படுவதற்கு முன்பு. கதவின் தாழ் விழும் சத்தத்துக்கு முன்பு. இப்படிப் பத்து வெட்டு வந்தாலே போதும், பார்ப்பவருக்கு மூச்சு முட்டும்.

ஒலியில் இதை இன்னும் ஆழமாகச் செய்யலாம். ஜே கட் என்பது எல்லோரும் பயன்படுத்தும் உத்திதான்: அடுத்த காட்சியின் ஒலி, படத்துக்கு முன்பே வந்துவிடும். வழக்கமாகக் காட்சிகளை உறுத்தாமல் இணைக்க அது உதவும். அதையே கொஞ்சம் நீட்டினால், சாப்பிடுகிறவரின் தட்டுக்குள்ளேயே அலுவலகம் நுழைந்துவிடுகிறது. ஆர்தர் லிப்செட் 1961இல் கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் உருவாக்கிய 'வெரி நைஸ், வெரி நைஸ்' படமும் ஒலியிலிருந்து பிறந்ததுதான். மற்றவர்கள் வெட்டி எறிந்த ஒலித்துண்டுகளை ஒட்டிவிட்டு, பிறகுதான் அதற்குப் படங்களைச் சேர்த்தார். ஏழே நிமிடம். அறுந்த பேச்சுகள் ஒன்றன்மேல் ஒன்று விழுவதை இன்று கேட்டாலும் மனம் பதறுகிறது.

கடைசியில் கடல், பறவை, அமைதி என்று முடிக்கலாமா என்று சிலர் கேட்பார்கள். எனக்கு அது சம்மதமில்லை. இரவுப் பணி முடிந்து வந்து, பிள்ளையை எழுப்பிக் கிளப்ப வேண்டிய ஒருவர் அந்தப் படத்தைப் பார்க்கக்கூடும். அவருக்கு இல்லாத கடலை அவர் கதையின் முடிவாகக் காட்டுவது அநியாயம். கடைசியில் பெயர்கள் ஓடும்போதும் தொலைபேசி மணி ஒலித்துக்கொண்டே இருக்கட்டும் என்பேன். ஒப்புக்கொள்ளாத இயக்குநரிடம் இன்னொரு முறை பேசிப் பார்ப்பேன். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் சுலபமாக விட்டுக்கொடுக்க எனக்கு மனம் வருவதில்லை.