நிழல்னா கடன்

நான் எழுதிட்டிருக்கிற ஃபேன்டஸி கதைக்கு ஒரு விதி வச்சிருக்கேன், அந்த ஊர்ல வெளிச்சம் யாருக்கும் சும்மா கிடைக்காது, தரைக்குப் போக வேண்டிய வெளிச்சத்தை நீ நடுவுல நின்னு மறிச்சுட்ட, அதுதான் நிழல், அது கடன், ராத்திரி இருட்டுல உக்காந்து அடைக்கணும். சாயங்காலம் நிழல் நீள நீள கடனும் ஏறும், அதனால ஏழைங்க நாலு மணிக்கு மேல வெளியவே வரமாட்டாங்க.

ஐடியா வந்தது மொட்டை மாடியில. சென்னையில ஏப்ரல் கடைசியில ஒரு தடவை, ஆகஸ்ட்ல ஒரு தடவை நிழலில்லா நாள் வரும்ல, மத்தியானம் சூரியன் நேரா தலைக்கு மேல வந்து நிக்கிற நாள், அன்னிக்கு சில்வர் டம்ளரைக் கவுத்து வச்சுட்டு வெயில்ல காத்திருந்தேன், மணி 12 தாண்டினதும் நிழல் மெல்ல உள்ள போயி காணாமப் போச்சு, டம்ளர் தரையில ஒட்டாம நிக்கிற மாதிரி இருந்துச்சு. என் கதையில அந்த ரெண்டு நிமிஷம் எல்லார் கடனும் தள்ளுபடி!

ஆனா கடகரேகைக்கு, அதாவது சுமார் 23.5 டிகிரிக்கு, வடக்க போயிட்டா சூரியன் உச்சிக்கே வராது, டெல்லிக்கெல்லாம் அந்த நாளே கிடையாது. அதனால என் வடக்கு ராஜாக்கள் பரம்பரை கடன்காரங்க.

தங்கச்சிகிட்ட சொன்னேன். "ரெண்டு விளக்கு ஏத்தினா ரெண்டு நிழல் விழுமே, ரெண்டு கடனாடா அண்ணா?"ன்னு கேட்டுட்டா. மூணு நாளா எழுதல.