ஷூட்டிங் இல்லாத நாட்கள்

ஆவணப்படங்களுக்காகக் கேமரா தூக்கிக்கொண்டு அலைந்த வருடங்களில், தயாரிப்பாளர் என்றாலே கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பவர் என்றுதான் நினைத்திருந்தேன். வெயில் இறங்க இன்னும் அரை மணி நேரம் பொறுக்கலாம் என்றால் அவர் முகம் சுருங்கும். ஏன் என்று நான் கேட்டதில்லை.

16 எம்எம் ஃபிலிமில் 400 அடி ரீல் ஒன்று சுமார் 11 நிமிடம்தான் ஓடும். அதில் தொழில் பழகியவர்களுக்கு எப்போது கேமராவை நிறுத்த வேண்டும் என்பது கையிலேயே இருக்கும். நான் பழகியது 60 நிமிடக் கேசட்டில். ஓடட்டும் என்று விட்டுவிடுவேன். அப்படி விட்டதில்தான் ஒன்றைக் கண்டுகொண்டேன். பேட்டி முடிந்தது என்று சொன்ன பிறகுதான் பலருக்குத் தோள் தளரும். சட்டையில் குத்திய மைக்கைக் கழற்றப் போகும் நேரத்தில், அதுவரை சொல்லாமல் வைத்திருந்த விஷயம் வெளியே வரும். (கேமரா ஓடிக்கொண்டிருந்தது அவருக்குத் தெரிய வேண்டும், பயன்படுத்தலாமா என்று மறுபடி கேட்க வேண்டும். இதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை.)

தயாரிப்புக்கு வந்தது திட்டமிட்டு அல்ல. ஒரு படத்தில் பாதி வழியில் கணக்குப் பார்க்க ஆள் இல்லாமல் போனது. சரி, கொஞ்ச நாள் பார்ப்போம் என்று உட்கார்ந்தேன். அப்போதுதான் நானே எடுத்த ஒரு காட்சி என்னிடம் திரும்பி வந்தது. ஒரு அம்மா துணி மடித்துக்கொண்டே ரேடியோவில் ஓடும் பாட்டோடு சேர்ந்து பாடுகிறார். நான் எடுத்ததிலேயே மனதுக்கு நெருக்கமான ஷாட் அது. ஆனால் அந்தப் பாட்டைப் படத்தில் வைக்க, பாட்டின் உரிமையாளரிடம் ஒரு அனுமதி, ஒலிப்பதிவின் உரிமையாளரிடம் இன்னொரு அனுமதி என்று இரண்டு வேண்டும். பட்ஜெட்டில் அதற்கென்று ஒரு பைசாகூட ஒதுக்கவில்லை. காட்சியைப் படத்திலிருந்து நீக்கிவிட்டோம். ரேடியோவை அணைக்கச் சொல்லியிருக்கலாமே என்றார்கள். அணைத்திருந்தால் அவர் பாடியிருக்கவே மாட்டார். தவறு லொகேஷனில் நடக்கவில்லை, அதற்கு முன்பே பட்ஜெட் தாளில் நடந்துவிட்டது.

அன்றிலிருந்து கேமராமேன் கண்ணாலேயே பட்ஜெட் போடுகிறேன். "ஓடட்டும்" என்ற சொல்லின் விலையும் இப்போது தெரிகிறது. நொடிக்கு 100 மெகாபிட் என்று பதிவு செய்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி. 60 மணி நேரம் எடுத்தால் 2.7 டிபி, இரண்டு பிரதி வைத்தால் 5.4. டிஸ்க்கையாவது வாங்கிவிடலாம். அந்த 60 மணி நேரத்தையும் எடிட்டர் உட்கார்ந்து பார்க்க வேண்டுமே! நாளுக்கு 8 மணி நேரம் என்றாலும் ஒரு வாரத்துக்கு மேல் ஆகிவிடும், ஒரு வெட்டுகூட விழுவதற்கு முன்னால். கடிகாரம் பார்த்த அந்தத் தயாரிப்பாளரை இப்போது புரிகிறது.

ஆனாலும் காத்திருப்பதை நான் விடவில்லை, கணக்கில் எழுதிவிடுகிறேன். என் பட்ஜெட்டில் சில நாட்களுக்கு எதிரே 'ஷூட்டிங் இல்லை' என்று இருக்கும். கேமராப் பையைத் திறக்காமல், படத்தில் வரப்போகிறவர்களோடு சும்மா இருந்துவிட்டு வருகிற நாட்கள் அவை. பணம் தருபவர்கள் முதலில் விரல் வைப்பது அந்த வரியில்தான். அப்போதெல்லாம் வாடகை லென்ஸ்களைக் குறைத்துக்கொள்கிறேன், அந்த வரியைத் தொடுவதில்லை.