ஆச்சியின் குரலும் இன்றைய சென்னை நடிகையும்

மனோரமாவைப் பற்றி எழுதுகிறவர்கள் ஆயிரம் படக் கணக்கில் தொடங்கி அங்கேயே முடித்துவிடுகிறார்கள். அவர் கற்ற வித்தையெல்லாம் நாடக மேடையில் கற்றது. 1937-இல் மன்னார்குடியில் பிறந்த கோபிசாந்தா, பள்ளத்தூரில் வளர்ந்து, 12 வயதில் மேடையேறினார். அவருக்கு மனோரமா என்று பெயர் வைத்தவர்கள் நாடக இயக்குநர் திருவேங்கடமும் ஆர்மோனியக்காரர் தியாகராஜனும். அந்தக் கால மேடையில் பாட்டுக்கு எவ்வளவு மதிப்பு என்பதை இதிலிருந்தே ஊகிக்கலாம். பிறகு நடிகர் எஸ்.எஸ். ராஜேந்திரனின் எஸ்.எஸ்.ஆர். நாடக மன்றம், 1958-இல் ‘மாலையிட்ட மங்கை’ படம், பின்னாளில் சின்னத்திரைத் தொடர்கள்.

1968-இல் வந்த இரண்டு படங்களைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ‘தில்லானா மோகனாம்பா’ளில் நாடகக்காரி ஜில் ஜில் ரமாமணியாக அவர் வாயசைக்கும் பாட்டுக்குக் குரல் எல்.ஆர். ஈஸ்வரி. ‘பொம்மலாட்ட’த்தில் மெட்ராஸ் பாஷையில் வரும் ‘வா வாத்தியாரே’ அவருடைய சொந்தக் குரல். காது கொடுத்துக் கேட்டால் தெரியும்: சுருதி விலகவில்லை, ஆனால் சொற்களை இழுக்காமல் பேச்சுவாக்கிலேயே வெட்டி வெட்டி வைக்கிறார். பாடகி குரலை அழகுபடுத்துவார். இவர் அந்தப் பாத்திரத்தின் வாயைப் பாட வைக்கிறார். மேடையில் பாடி நடித்தவர்களுக்கே அது கைவரும்.

அவரைப் போலவே இன்று சென்னையில் சபா நாடகம், சீரியல், பாட்டு மூன்றையும் வைத்துக்கொள்ளும் பெண்களுக்கு முதல் சோதனை சுருதி. இசை நாடகத்தில் ராஜபார்ட்டோடு (நாயகன் வேடக்காரரோடு) தர்க்கப் பாட்டு, அதாவது மாறி மாறி வாதிடும் பாட்டு என்றால், அவருக்கு 1 கட்டை, உங்களுக்கு 5 கட்டை (உங்கள் ஆதார ‘ச’ நிற்கும் ஆர்மோனிய ரீடு). அவருடைய சுருதியிலேயே பாடினால் உங்கள் குரல் கீழே அமுங்கும். உங்கள் சுருதிக்கு வந்தால் அவர் கத்த வேண்டியிருக்கும். 5 கட்டையை ‘ச’ என்று வைத்தால் அதன் மத்யமம் (‘ம’) 1 கட்டைதான். எனவே ஆர்மோனியத்தில் 1 கட்டை, 5 கட்டை இரண்டு ரீடையும் பிடித்தபடி நின்றால், அது அவருக்குச் ச-ப, உங்களுக்கு ச-ம, அதாவது மத்யம சுருதி. செஞ்சுருட்டி, புன்னாகவராளி, குறிஞ்சி ராகங்கள் இதில் சுகமாக உட்காரும். கல்யாணி ராகத்தை எடுத்தீர்களோ, அதன் பிரதி மத்யமம் (உயர்ந்த ‘ம’) சுருதியோடு முட்டும். ஒத்திகையிலேயே இதைப் பேசி முடித்துவிடுங்கள்.

சீரியலில் சிக்கல் வேறு. கேமராவுக்குப் பக்கத்தில் உதவி இயக்குநர் வசனம் சொல்லச் சொல்லப் பேசிப் பழகியவர்களுக்குக் காது முன்னால் போகும், கண் பின்தங்கும். குளோசப்பில் அது அப்பட்டமாகத் தெரியும். பிறகு டப்பிங் உண்டு என்றால் பிராம்ப்டிங் குரல் கலந்தாலும் பாதகமில்லை. லைவ் சவுண்ட் (நடிக்கும்போதே ஒலிப்பதிவு) என்றால் உதவி இயக்குநர் முடித்த பிறகே நீங்கள் தொடங்க வேண்டும், அந்த இடைவெளியில் முகம் காலியாக நிற்கக் கூடாது. முழு வரியையும் கேட்காமல், முதல் இரண்டு சொல்லை மட்டும் எடுத்துக் கொடுக்கச் சொல்வது நல்லது.

அழுகைக் காட்சி தொண்டைக்கு எமன். விம்மி விம்மி நாலு டேக் போனால் குரல் நாண் வீங்கும். முதலில் போவது மேல் ஸ்தாயி. பேச்சுக்குரல் சரியாகவே இருப்பதால், சாயங்காலம் மேடையில் தார ஷட்ஜம் (மேல் ‘ச’) தொடும்வரை பலருக்குத் தெரிவதில்லை. பாட்டுள்ள நாளில் அந்த சீனை மறுநாளுக்கு மாற்றக் கேளுங்கள். தொண்டைக்கு ஓய்வு என்று குசுகுசுவெனப் பேசுவது இன்னும் கெடுதல். வாயை மூடிக்கொண்டு இருப்பதுதான் ஓய்வு. வெந்நீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடியுங்கள், ஆவி பிடியுங்கள்.

சீரியல் கால்ஷீட் (படப்பிடிப்பு நேரம்) பெரும்பாலும் காலை 9 முதல் இரவு 9 வரை. தி.நகர் வாணி மஹாலில் 7 மணி நாடகம், ஷூட்டிங் பூந்தமல்லிப் பக்கம் என்றால் 4 மணிக்குக் கிளம்பியாக வேண்டும். போரூர் நெரிசலைத் தாண்டி வந்து மேக்கப்பும் மாற்ற வேண்டுமே. சீக்கிரம் கிளம்பும் பெர்மிஷனைத் தேதி கொடுக்கும்போதே மேனேஜரிடம் சொல்லி எழுதி வாங்குங்கள், அன்றைக்குப் போய்க் கெஞ்ச வேண்டாம்.

மேடையில் காலர் மைக் என்றால் பட்டுப்புடவை சரசரப்பும் நெக்லஸ் உரசலும் வசனத்தைவிடச் சத்தமாகக் கேட்கும். மைக்கை நகையிலிருந்து நாலு விரல் தள்ளி, முந்தானை படாத தோள் பக்கம் டேப் போட்டு ஒட்டுங்கள். வியர்வையில் டேப் உரியும்; இடைவேளையில் துடைத்துவிட்டுப் புதுசு ஒட்டுங்கள். மேடை முன்னால் ஸ்டாண்டு மைக் மட்டும்தான் என்றால், பாட்டு வரும் இடத்தில் அதன் எதிரே வந்து நிற்கிற மாதிரி இயக்குநரிடம் நடமாட்டத்தை முன்கூட்டியே அமைத்துக்கொள்ளுங்கள்.