மணவறைக்குச் சக்கர நாற்காலி ஏறுமா?

சமூக மன்றத்தில் கல்யாணம் வைக்கிறவர்கள் அலங்காரக்காரரிடம் முதலில் கேட்கவேண்டியது பூ விலையை இல்லை, மேடை உயரத்தை. சாய்வுப் பாதைக்குக் கணக்கு 1:12, அதாவது ஒரு பங்கு உயரத்துக்குப் பன்னிரண்டு பங்கு நீளம். மேடை 60 செ.மீ. என்றால் பாதை 7.2 மீட்டர் நீளம் வேண்டும். இரண்டு மீட்டர் பலகையைச் சாய்த்துவைத்து "நாலு பேர் தள்ளினா ஏறிடும்" என்பார்கள். விடாதீர்கள், நாற்காலி பின்பக்கமாகக் கவிழலாம். இடமில்லையா? மணவறையை 15 செ.மீ. தாழ்மேடையில் போடச் சொல்லுங்கள், 1.8 மீட்டரில் முடிந்தது. கம்பளத்தை ஓரம்வரை ஒட்டவேண்டும். சுருக்கம் விழுந்தால் முன்னால் இருக்கும் சின்னச் சக்கரம் அங்கேயே சிக்கும்.

சாப்பாட்டில் இன்னொன்று. பௌத்த சைவக்காரரான சீனச் சம்பந்திகள் பலர் வெங்காயம், பூண்டு தொடமாட்டார்கள். நம் சாம்பாரோ முழுக்கச் சின்ன வெங்காயம்! அவர்களுக்கென ஒரு சட்டி தனியாக வைக்கச் சொல்லுங்கள். பெருங்காயமும் சிலருக்கு ஆகாது, கேட்டுக்கொள்ளுங்கள்.