கடைசித் தவணை வரைக்கும் எவ்வளவு?

“அன்றைக்கு நீங்கள் அந்தத் தொகையை எழுதிக் காட்டாமல் இருந்திருந்தால் கையெழுத்துப் போட்டிருப்போம் சார்.”

வங்கியில் வீட்டுக்கடன் மேசையில் உட்கார்ந்திருப்பவன் நான். வாடிக்கையாளர்கள் சொல்லிவிட்டுப் போகிற பேச்சு பெரும்பாலும் மாலைக்குள் மறந்துவிடும். இது மறக்கவில்லை. 2024-இல் நகைக்கடனுக்கு வட்டி கட்ட வந்த அந்தப் பெண்மணி, போகிற போக்கில் என் மேசையருகே நின்று இதைச் சொல்லிவிட்டு, “வருகிறேனுங்க” என்று கிளம்பிவிட்டார். நன்றியாகச் சொன்னாரா, குறையாகச் சொன்னாரா என்பது இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை. முகத்தில் சிரிப்பு இருந்தது. ஆனால் கோவைப் பக்கத்தில் மனத்தாங்கலையும் சிரித்த முகத்தோடுதான் சொல்வார்கள்.

அவர் சொன்ன தொகை 54,74,640 ரூபாய். 2021-இல் அவரும் கணவரும் கேட்டிருந்த கடன் 30 லட்சம். வடவள்ளி தாண்டி 38 லட்சத்தில் ஒரு சிறிய தனி வீடு. இருபது ஆண்டுக் கடன், வட்டி 6.75 சதவீதம், மாதத் தவணை 22,811. வழக்கறிஞர் கருத்து வந்துவிட்டது. மூலப் பத்திரம், பட்டா, வில்லங்கச் சான்று எதிலும் சிக்கல் இல்லை. கணவர் பேனா மூடியைக் கழற்றிவிட்டார். அப்போதுதான் அந்த அம்மா, “கொஞ்சம் இருங்க” என்று அவர் கையைத் தொட்டு நிறுத்தினார். துணிப்பையிலிருந்து மகளுடைய பழைய பள்ளி நோட்டு ஒன்றை எடுத்தார். பின்பக்கத்திலிருந்து எழுதத் தொடங்கிய வீட்டுக் கணக்கு. வாடகை 9,000, பால், கேஸ், பள்ளிக் கட்டணம், ஏலச்சீட்டு என்று கோடு போட்டுப் பிரித்திருந்தார். சீட்டுக்கு மட்டும் இரண்டு பத்தி: கட்டியது ஒன்று, கழிவு போனது ஒன்று. சீட்டை முன்கூட்டியே தள்ளி எடுத்தால் எவ்வளவு இழப்போம் என்பதை மாதாமாதம் குறித்துவைத்திருந்த கை அது.

“கடைசித் தவணை கட்டும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம் சார்?” என்று கேட்டார்.

பழைய விண்ணப்பப் படிவம் ஒன்றின் பின்புறத்தில் 22,811-ஐ 240-ஆல் பெருக்கி எழுதிக் காட்டினேன். அதில் 30 லட்சத்தைக் கழித்து, வட்டி 24,74,640 என்று கீழே எழுதினேன். அவர் அதை வெகுநேரம் பார்த்தார். “அப்படியென்றால் இன்னொரு வீட்டை உங்களுக்குக் கட்டிக் கொடுக்கிறோம்” என்றார். கணவர், “எல்லாரும் அப்படித்தானே கட்டுகிறார்கள்” என்று முணுமுணுத்தார். யோசித்துவிட்டு வருகிறோம் என்று எழுந்தார்கள். அந்தத் தாளையும் மடித்து நோட்டுக்குள் வைத்துக்கொண்டார். திரும்ப வரவில்லை. வீடு வேறொருவருக்குப் போனது.

அன்றைய கிளை மேலாளர் கோபப்படவில்லை. “மாதத் தவணையைச் சொல்ல வேண்டியது நம் கடமை. கூட்டிப் பார்ப்பது அவர்கள் வேலை” என்று மட்டும் சொன்னார். கேட்டார்கள், சொன்னேன் என்றேன். “கேட்டால் இந்த மேசையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொல்வீர்களா?” என்றார். அவரிடம் அன்று பதில் சொல்லாமல் வந்துவிட்டேன். மனத்துக்குள் இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

நான் சொன்னது சரி என்றே இப்போதும் நினைக்கிறேன். வீட்டுக்கடனில் பலரும் ஏமாந்துபோவது வட்டி விகிதத்தைப் பார்த்து. ஆறே முக்கால் சதவீதம் என்றால் சின்னதாகத் தெரிகிறது. ஆனால் முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள்: 22,811-இல் 16,875 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 5,936 மட்டுமே. அசலுக்குப் போகிற பங்கு வட்டிக்குப் போகிற பங்கைத் தாண்டுவதற்குள் பத்தாம் ஆண்டு முடியப்போகும். வாங்கிய கடன் பாதியாகக் குறைவது 158-ஆவது மாதத்தில். அதாவது பதின்மூன்று ஆண்டுகள் கடந்த பிறகு. பத்தாண்டு கழித்து வீட்டை விற்க நினைத்து நிலுவை எவ்வளவு என்று கேட்க வருகிறவர்களின் முகத்தைப் பார்த்தவன் நான். பாதியாவது முடிந்திருக்கும் என்ற நம்பிக்கையோடு வருவார்கள். 30 லட்சத்தில் இன்னும் ஏறத்தாழ 20 லட்சம் நிலுவை நிற்பதைச் சொல்லும்போது, வங்கி எங்கோ தப்புச் செய்துவிட்டது என்றே நினைப்பார்கள். தப்பு ஒன்றும் இல்லை. நிலுவைக்குத்தான் வட்டி, தொடக்கத்தில் நிலுவை அதிகம், அவ்வளவுதான். ஆனால் இது கையெழுத்துப் போடுமுன் தெரிய வேண்டிய விஷயம்.

தவணையில் சேராத செலவும் உண்டு. அப்போது தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம். 38 லட்சத்துக்குப் பத்திரம் பதிந்தால் அதுவே 4 லட்சத்து 18 ஆயிரம். அதற்குக் கடன் கிடையாது, கையிலிருந்துதான் போக வேண்டும். பத்திரத்தை அடமானம் வைப்பதைப் பதிவு செய்ய ஒரு செலவு, வங்கியின் செயலாக்கக் கட்டணம், வழக்கறிஞர், மதிப்பீட்டாளர், கடன் காப்பீடு. கடைசியில் கடன் முடிந்ததும் அடமானத்தை நீக்க ரசீது ஆவணம் பதிய வேண்டும். இல்லையென்றால் வில்லங்கச் சான்றில் கடன் நின்றுகொண்டே இருக்கும். இதையெல்லாம் அந்த அம்மா கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்.

இதுவரை வந்தால் என் மனம் அமைதியாகிவிடும். இதற்கு மேல் யோசிக்கும்போதுதான் தடுமாற்றம்.

54,74,640 என்று கடைசிப் பத்து ரூபாய் வரை துல்லியமாக எழுதினேன். அது மாறும் வட்டிக் கடன். 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி விகிதம்) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டவை. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டி திருத்தப்படும். ரெப்போ அப்போது 4 சதவீதத்தில் கிடந்தது, தொற்றுக்காலத்துக்காக இறக்கப்பட்ட விகிதம். அது இருபது ஆண்டுகள் அப்படியே இருக்கப்போவதில்லை என்று எனக்குத் தெரியும். வட்டி மாறும் என்று வாயால் சொல்லவும் செய்தேன். ஆனால் தாளில் எழுதிய எண்தான் நோட்டுக்குள் போனது. வாய்ச்சொல் போகவில்லை. அத்தனை துல்லியமாக எழுதிய அந்தத் தொகையைப் பற்றி உறுதியாகச் சொல்லக்கூடியது ஒன்றே ஒன்றுதான்: எவரும் அதைக் கட்டப்போவதில்லை.

அடுத்து நடந்தது எல்லாருக்கும் தெரியும். 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4-லிருந்து 6.5 ஆனது. 6.75-இல் கடன் வாங்கியவர்கள் 9.25-க்கு வந்து நின்றார்கள். அந்தத் தம்பதி கையெழுத்துப் போட்டிருந்தால் அப்போது நிலுவை 29 லட்சம் வாக்கில் இருந்திருக்கும். மாத வட்டி மட்டுமே 22,300-க்கு மேல். பழைய தவணையையே கட்டினால் அசலில் கழிவது நானூற்றுச் சொச்சம். அந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகும். இருபது ஆண்டுக்குள்ளேயே முடிக்க வேண்டுமென்றால் தவணை 27,400-ஐத் தாண்டும். அந்த நோட்டில் கூடுதல் நாலாயிரத்து அறுநூறுக்கு எங்கே இடம் இருந்தது? சீட்டை நிறுத்தியிருப்பார், அல்லது மகளின் கட்டணத்துக்குக் கடன் வாங்கியிருப்பார். அந்த ஆண்டு என் மேசைக்கு வந்தவர்களில் பலர், தவணை ஏறவில்லையே என்று நிம்மதியாக இருந்தவர்கள். காலம் நீண்டுகொண்டு போனது அவர்களுக்குத் தெரியாது. குறுஞ்செய்தி போயிருக்கும்; யார் படிக்கிறார்கள்? 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி தலையிட்டு, வட்டி திருத்தும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா, முன்கூட்டிக் கட்டுவதா என்று வாடிக்கையாளரிடம் கேட்க வேண்டும் என்றது. மாதத் தவணை அந்த மாத வட்டியைக்கூட ஈடுகட்டாத நிலை வரக் கூடாது என்றும் சொன்னது.

ஆக, அந்த அம்மா பயந்தது சரிதான், என் தாளில் இருந்த காரணத்துக்காக இல்லை என்றாலும். மேசையருகே நின்று அவர் சொன்ன அந்த வாக்கியத்தை நன்றி என்று எடுத்துக்கொள்ள இது போதும்.

ஆனால் 2024-இல் வந்த அன்று அவரே இன்னொன்றும் சொன்னார். வாடகை இப்போது 12,000. அந்த வீதியில் அதே போன்ற வீடு இனி எங்களுக்கு எட்டாது என்றார். இங்கேதான் என் கணக்கு அரைகுறையாகத் தெரிகிறது. 9,000 ரூபாய் வாடகையை ஆண்டுக்கு 5 சதவீதம் ஏற்றினால், இருபது ஆண்டில் கொடுக்கிற வாடகை 35 லட்சத்து 70 ஆயிரம் வாக்கில் வரும். அதற்குப் பிறகும் வீடு வேறொருவருடையது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று வைத்தால், இருபதாம் ஆண்டில் கட்டுகிற 22,811 கடன் வாங்கும் நாளின் மதிப்பில் ஏறத்தாழ 8,600 ரூபாய்தான். அன்று அவர்கள் கொடுத்த வாடகையைவிடக் குறைவு. முதல் தவணையையும் கடைசித் தவணையையும் ஒரே ரூபாயாகப் பாவித்துக் கூட்டியது என் பெருக்கல். ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் கடன் மூன்று ஆண்டுக்குச் சற்றுக் குறைவான காலம் முன்னதாகவே முடியும், மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைக்க 2012 முதல் வங்கிகள் தனிநபரிடம் அபராதம் வாங்குவதில்லை என்பதையும் சேர்த்திருக்கலாம். சீட்டுக் கழிவை மாதாமாதம் எழுதுகிற பெண்மணிக்கு இந்தக் கணக்கு விளங்காமல் போயிருக்காது.

ஏன் சொல்லவில்லை? அவர் கேட்டது ஒன்று, நான் சொன்னது அதற்கு விடை. அதோடு, கடன் கொடுக்கிறவன் வாய்திறந்து “வாடகையும் வீண்தானே” என்று சொன்னால் அது விற்பனைப் பேச்சு. அந்தப் பேச்சைக் கேட்டுத் தலையாட்டிவிட்டு, பின்னால் தவணை கட்ட முடியாமல் வந்து நின்றவர்களை அறிவேன். அதனால் வாயை மூடிக்கொண்டேன். ஆனால் பயமுறுத்துகிற எண்ணை எழுதிவிட்டு ஆறுதலான எண்ணை எழுதாமல் விட்டதும் ஒரு பக்கம் சாய்வதுதானே? மேலாளர் அதைத்தான் சொல்ல வந்தாரோ என்று சில சமயம் தோன்றும். அவர் கவலை கிளையின் இலக்கு பற்றியது, எனக்குத் தெரியும். இருந்தாலும் கேள்வி கேள்விதான்.

2024 அக்டோபர் 1 முதல் அனுமதிக்கப்படும் சில்லறைக் கடன்களுக்கு, அதாவது வீட்டுக்கடன் போலத் தனிநபருக்குத் தரும் கடன்களுக்கு, முக்கிய விவர அறிக்கை கொடுத்தாக வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு விகிதம், மாதவாரியான தவணை அட்டவணை எல்லாம் அதில் இருக்கும். என் பக்கத்துக்கு ஒரு சட்டம் வந்துவிட்டது என்று மகிழ்ந்தேன். இப்போது பார்க்கிறேன், அட்டவணை பல பக்கம் போகிறது. எதையும் பார்க்காமல் பக்கத்துக்குப் பக்கம் கையெழுத்துப் போட்டுக்கொண்டே போகிறார்கள். நிறுத்தி, நிலுவை பாதியாகிற வரியில் விரலை வைத்துக் காட்டுகிறேன். சிலர் பார்க்கிறார்கள். சிலருக்குப் பதிவாளர் அலுவலகத்தில் டோக்கன் நேரம் ஆகிவிட்டிருக்கும்.

வாடகைக் கணக்கை இன்னும் நான் போட்டுக் காட்டுவதில்லை. உங்கள் வாடகை எவ்வளவு, ஆண்டுக்கு எவ்வளவு ஏற்றுகிறார்கள், வட்டி இரண்டரை ஏறினால் தவணையைத் தாங்குவீர்களா என்று கேட்டு, அட்டவணையின் ஓரத்தில் அவர்களையே எழுதச் சொல்கிறேன். முடிவு அவர்களுடையதாக இருக்கட்டும் என்பது என் எண்ணம். இதை வீட்டில் சொன்னபோது, “பதில் தெரிந்தவர் கேள்வியோடு நிறுத்திக்கொள்வது பொறுப்பைத் தட்டிக்கழிப்பது” என்றார் என் மனைவி. எனக்குப் பதில் தெரியாது என்று அவரிடம் சொல்லியிருக்கிறேன். அவர் நம்பவில்லை.