துப்பாக்கி எதற்கு?

கைத்துப்பாக்கி உரிமத்துக்கு விண்ணப்பித்திருக்கிறேன். சொன்னவுடன் எல்லோரும் கேட்பது செலவைப் பற்றி. அதுவா பெரிது! இந்திய ஆயுதச் சட்டம், 1959-இன்படி 21 வயது நிரம்பியிருக்க வேண்டும். மருத்துவச் சான்று, பாதுகாப்புப் பயிற்சிச் சான்று, அடையாள ஆவணங்கள் எல்லாம் அலைந்தால் கிடைத்துவிடும்.

"எதற்காக வேண்டும்?" என்ற வரிதான் கழுத்தைப் பிடிக்கிறது. 'தற்காப்பு' என்று ஒற்றைச் சொல்லில் எழுதினால் எடுபடாது. யார் மிரட்டினார்கள், எப்போது, புகார் கொடுத்தீர்களா என்று காவல் நிலையத்தில் துருவித் துருவிக் கேட்டார்கள். பீரோவுக்குப் பூட்டு இருக்கிறதா, வீட்டில் குழந்தைகள் உண்டா என்பதுவரை போனது விசாரணை. எனக்கு அது பிடித்துத்தான் இருந்தது. கேட்காமல் விட்டிருந்தால்தான் பயந்திருப்பேன்.

உரிமத்தை மறுத்தால் அதிகாரி காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும், மேல்முறையீடும் செய்யலாம். போதிய சொத்து இல்லை என்பதற்காக மட்டும் மறுக்கக் கூடாது என்று சட்டத்திலேயே இருக்கிறது. பணக்காரர்களுக்கு மட்டும்தான் உரிமம் என்று நினைப்பவர்கள் கவனிக்கவும்.

2019 திருத்தத்துக்குப் பிறகு உரிமம் 5 ஆண்டுகள் செல்லும். ஒருவர் 2 துப்பாக்கிகள்வரை வைத்துக்கொள்ளலாம். எனக்கு ஒன்று கிடைத்தாலே அதிகம். தேர்தல் வந்தால் அதையும் காவல் நிலையத்தில் ஒப்படைக்கச் சொல்வார்கள்.