நகரும் நாட்டுக்கு ஓர் ஈர்க்குமானி

நான் எழுதிவரும் மிகைபுனைவுப் புதினத்தில் நிலம் ஓரிடத்தில் நில்லாத நாடு ஒன்று இருக்கிறது. பொழுது சாய்ந்து விடிவதற்குள் அங்கே ஊர்கள் இடம் மாறிக்கொள்ளும். அந்த நாட்டைப் படமாக்கப் புறப்படும் பெண்ணின் கையில் ஓர் அளவைக் கருவியைக் கொடுக்க வேண்டியிருந்தது. ஒரு வாரத்தில் முடிந்துவிடும் என்று நான் எண்ணிய அந்த வேலை எட்டு மாதங்களை எடுத்துக்கொண்டது. அந்த மாதங்களில் கற்றுக்கொண்டவை, கற்பனை உலகங்களைக் கட்டும் பிறருக்கும் பயன்படக்கூடும் என்பதால் எழுதுகிறேன்.

முதலில் எழுதியது ஒரு பித்தளைத் தட்டு. நிலம் நகர நகர அதன்மேல் ஒளிக்கோடுகள் தாமாகவே மாறிக்கொண்டிருக்கும். படிக்க அழகாகத்தான் இருந்தது. ஆனால் தட்டைப் பார்த்தாலே வழி தெரிந்துவிடுகிறபோது அவள் எதற்காக நடக்க வேண்டும், யாரிடம் வழி கேட்க வேண்டும்? மூன்று அத்தியாயங்களை அழித்தேன்.

அடுத்து, தியோடோலைட்டைப் போன்ற கோணமானி ஒன்றை அமைத்து, நில அளவைத் துறையில் பணியாற்றும் நண்பரிடம் காட்டினேன். முக்கோண அளவையில் ஒரேயொரு அடிக்கோட்டை, அதாவது முதல் முக்கோணத்தின் ஒரு பக்கத்தை, மட்டும் தரையில் மிகுந்த கவனத்தோடு அளந்துவிட்டு, மற்ற பக்கங்களைக் கோணங்களிலிருந்து கணக்கிட்டுக்கொண்டே போவார்கள் என்பதை அவர்தான் விளக்கினார். பிறகு, "ஒரு மலையைப் பார்த்துக் கோணத்தை எடுத்துவிட்டு நீங்கள் அடுத்த முகாமுக்குப் போய்ச் சேர்வதற்குள் அந்த மலையே இடம் மாறிவிட்டால், கையிலிருக்கும் கோணத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வீர்கள்?" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. எல்லாமே மனம்போனபடி நகர்கிற நாட்டை எந்தக் கருவியாலும் அளக்க முடியாது என்பது அன்றைக்குத்தான் உறைத்தது. கருவியைச் செய்வதற்கு முன்னால் நகர்வுக்கே ஒரு விதி வேண்டும். பல நாள் யோசித்து ஒன்றை வகுத்தேன்: ஒருவருக்கொருவர் கடன்பட்ட இரண்டு ஊர்கள் எங்கே நகர்ந்தாலும், அக்கடன் தீரும்வரை அவற்றின் இடைத்தூரம் மாறாது.

விதி கிடைத்ததும் பழைய கருவிகளைத் தேடிப் படித்தேன். பசிபிக் பெருங்கடலில் உள்ள மார்ஷல் தீவுகளின் மாலுமிகள் தென்னை ஈர்க்குகளைக் கட்டிச் செய்த கடற்படங்கள் என்னை வெகுநேரம் பிடித்து வைத்துக்கொண்டன. அவற்றில் தீவுகளைக் குறிப்பவை சிறு கிளிஞ்சல் ஓடுகள். வளைந்த ஈர்க்குகளோ, தீவில் மோதித் திரும்பும் அலைகளின் போக்கைக் காட்டுபவை. கரையிலேயே படித்து மனத்தில் இருத்திக்கொண்டு, படத்தைக் கையில் எடுக்காமலே கடலுக்குப் போவார்களாம். இன்னொன்று, ரோமானியக் கட்டடக் கலைஞர் விட்ருவியஸ் விவரிக்கும் தூரமானி வண்டி. அதன் சக்கரம் 400 முறை சுழன்றால் 5,000 ரோமானிய அடி, அதாவது ஒரு மைல், கடந்ததாகக் கணக்கு. ஒவ்வொரு மைலுக்கும் ஒரு கூழாங்கல் வெண்கலப் பாத்திரத்தில் ஓசையோடு விழும். இவ்விரண்டிலிருந்தும் என் ஈர்க்குமானி பிறந்தது. கடன்பட்ட ஊர்களுக்கு இடையே தூதர்கள் சக்கரத்தை உருட்டித் தூரத்தை அளந்து வருவார்கள். அவள் அந்த அளவுக்கு ஈர்க்கை நறுக்கி, ஊர்களைக் குறிக்கும் சோழிகளுக்கு இடையே கட்டுவாள். வளைந்த பாதையில் உருட்டினால் தூரம் கூடிவிடும் என்பதால், நாட்டையே மேடுபள்ளமற்ற உப்புவெளியாக்கினேன். எனக்குப் பிடித்திருந்த மலைகளும் காடும் அப்படித்தான் போயின.

எழுதுவதற்கு முன் செய்து பார்க்க வேண்டும் என்று தோன்றியதால், துடைப்பத்திலிருந்து ஈர்க்குகளை உருவி, நூலால் முடிந்து, மேசைமேல் பரப்பினேன். மூன்று ஈர்க்குகளால் ஆன முக்கோணம் அசையவில்லை. நான்கால் கட்டிய நாற்கரமோ விரல் பட்டாலே சாய்ந்து நெளிந்தது. குறுக்கே ஐந்தாவது ஈர்க்கைக் கட்டிய பிறகுதான் விறைத்து நின்றது. ஏழு ஊர்களுக்கு இடையே மொத்தம் 21 தூரங்கள் உண்டு என்றாலும், சரியான இடங்களில் கட்டினால் சட்டகம் விறைத்து நிற்க 11 ஈர்க்குகளே போதும் என்பதைக் கணக்கும் கையும் ஒன்றாகச் சொன்னபோது, கதையின் நடுப்பகுதி தானாகவே கிடைத்துவிட்டது. அவளிடம் பத்து ஈர்க்குகள் மட்டும் வந்து சேர்ந்திருக்கின்றன. சட்டகம் ஓரிடத்தில் ஆடுகிறது. பதினோராவது தூதர் இன்னும் திரும்பவில்லை. ஈர்க்கு உலர்ந்து பச்சை நிறம் போவதை அளவின் வயதாகவும் வைத்துக்கொண்டேன்: பழுத்த ஈர்க்கை நம்புவதா, புதிதாக அளப்பதா என்று அவள் ஒவ்வோர் இரவும் முடிவு செய்ய வேண்டும்.

மிகப் பெரிய குறையைத் தற்செயலாகத்தான் கண்டுபிடித்தேன். மேசையைத் துடைப்பதற்காகச் சட்டகத்தை எடுத்து மறுபடி வைத்தபோது ஏதோ இடறியது. எல்லாத் தூரங்களும் சரியாகவே இருந்தன. ஆனால் இடப்பக்கம் இருக்க வேண்டிய ஊர் வலப்பக்கம் இருந்தது. நான் அதைக் குப்புற வைத்திருந்தேன். தூரங்களை மட்டும் கொண்டு கட்டிய படத்துக்கும் அதன் கண்ணாடிப் பிம்பத்துக்கும் அளவில் எள்ளளவும் வேறுபாடு கிடையாது. எத்தனை தூதர்களை அனுப்பினாலும் இந்த ஐயம் தீராது. தீர்க்க ஒரே வழிதான் உண்டு: யாராவது ஓர் ஊரில் நின்று, மற்ற இரண்டு ஊர்களில் எது இடக்கைப் பக்கம், எது வலக்கைப் பக்கம் என்று கண்ணால் பார்க்க வேண்டும்.

ஒன்பதாம் அத்தியாயத்தை அதற்காகவே புதிதாக எழுதினேன். அதுவரை கூடாரத்தை விட்டு நகராதவள், அந்த ஒரு சொல்லுக்காக உப்புவெளியில் இரண்டு நாள் நடக்கிறாள். எல்லையூரின் கிணற்று மேடையில் ஏறி நின்று, இரு பக்கமும் தெரியும் புகையைப் பார்த்துவிட்டு, மடியிலிருந்த சட்டகத்தை எடுத்துத் திருப்பி, சோழிகளின் முதுகு மேலே வரும்படி வைக்கிறாள்.